அகழியிலிருந்து ஏறும் அந்தக் காட்சி போரில் எடுத்ததல்ல, பயிற்சிப் பள்ளியில் எடுத்தது (பழைய ராணுவப் பயிற்சிச் சுருள்கள் பற்றிப் பேசுவோம்)

#1 ரீல்பெட்டி

போன வாரம் ஒரு தொலைக்காட்சியில் முதல் உலகப்போர் பற்றி ஒரு நிகழ்ச்சி ஓடியது. அதே காட்சி மறுபடியும் வந்தது. இங்கே இருக்கிற எல்லாரும் ஒரு தடவையாவது பார்த்திருப்பீர்கள். அகழிக்குள் சிப்பாய்கள் காத்திருக்கிறார்கள், சைகை கிடைத்ததும் மண்மேட்டில் தொற்றி ஏறுகிறார்கள், ஒருவர் மட்டும் ஏற முடியாமல் சரிந்து அப்படியே கிடக்கிறார். அடுத்து, பின்னாலிருந்து எடுத்த காட்சி. முள்கம்பியைத் தாண்டிப் புகைக்குள் போகிறார்கள், போகும்போதே இரண்டு பேர் விழுகிறார்கள். அதற்கு மேல் ஒரு கனத்த குரல், "1916 ஜூலை 1, சோம் போர்க்களம், இவர்கள் சாவை நோக்கி ஓடுகிறார்கள்" என்கிற மாதிரி பேசிக்கொண்டே போகிறது.

அது போர்க்களம் இல்லை. பிரான்சில் போர்முனைக்கு நன்றாகப் பின்னால், செயின்ட் போல் என்ற ஊர்ப் பக்கம் இருந்த ஒரு மோர்ட்டார் (சிறு பீரங்கி) பயிற்சிப் பள்ளியில் எடுத்தது என்றுதான் இந்தப் படத்தை ஆராய்ந்தவர்கள் சொல்கிறார்கள். யாரோ ஒளித்து வைத்திருந்த ரகசியமும் இல்லை. மூலப் படத்தை வைத்திருக்கும் லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகமே பல வருடங்களாக இதைச் சொல்லிக்கொண்டு இருக்கிறது. அப்படியும் புத்தக அட்டை, செய்திச் சேனல், யூடியூப், எங்கே பார்த்தாலும் இது "உண்மைப் போர்க் காட்சி"தான்.

எனக்கு இந்தக் காட்சியின் மேல் கோபம் கிடையாது. சொல்லப்போனால் பழைய பயிற்சிச் சுருள்கள்தான் எனக்கு ரொம்பப் பிடித்தவை. அவற்றை அவற்றின் பெயரில் அழைக்காமல் போர் என்று ஒட்டிவிடுவதுதான் தாங்க முடியவில்லை. அப்படி ஒட்டினால் போரில் செத்தவனுக்கும் பொய், பயிற்சி மைதானத்தில் நின்ற அந்தப் பையனுக்கும் பொய். இதைப் பற்றிக் கொஞ்சம் நிதானமாகப் பேசலாம் என்றுதான் இழையை ஆரம்பிக்கிறேன்.

#2 வைகைக்கரை

அதிர்ச்சியாகத்தான் இருக்கிறது. பள்ளிக்கூட நாளிலிருந்து அந்த விழுகிற மனிதரை நினைத்து வருத்தப்பட்டிருக்கிறேன். ஆனால் பயிற்சி என்று எப்படி இவ்வளவு உறுதியாகச் சொல்கிறார்கள்? எடுத்தவர் ஒப்புக்கொண்டாரா?

#3 ரீல்பெட்டி

ஒப்புக்கொண்டதை வைத்துச் சொல்லவில்லை. படத்துக்குள்ளேயே இருப்பதை வைத்துத்தான். நிறுத்தி நிறுத்திப் பாருங்கள், நீங்களே கண்டுபிடித்துவிடலாம்.

முதலில் முதுகைப் பாருங்கள். ஜூலை 1 காலையில் ஏறியவர்கள் துப்பாக்கி, தோட்டா, கையெறிகுண்டு, மண்வெட்டி, தண்ணீர், உணவு என்று ஏறக்குறைய 25, 30 கிலோ சுமந்து போனார்கள். இந்தக் காட்சியில் வருகிறவர்களின் முதுகில் மூட்டையே இல்லை, லேசாக ஏறுகிறார்கள்.

அடுத்து, கேமரா நிற்கிற இடம். இரண்டாவது ஷாட்டில் அது அகழிக்கு வெளியே, ஆளுயரத்தில், மூன்று கால் மேல் நிற்கிறது. அன்றைக்கு இருந்த மோய் கேமரா ஒரு பெரிய மரப்பெட்டி. எடுக்கிறவர் பக்கத்தில் நின்று கையால் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். எதிரியின் இயந்திரத் துப்பாக்கிக்கு முன்னால் அப்படி நின்றால் அரை நிமிடம் தாங்காது.

முள்கம்பியையும் பாருங்கள். உண்மையான முனையில் அது இடுப்பு உயரத்துக்குப் பந்தல் மாதிரி படர்ந்திருக்கும். இங்கே கணுக்கால் உயரத்தில் நாலு இழை.

கடைசியாக அந்த "இறந்தவர்". விழுந்த பிறகு காலை வசதியாக ஒன்றின் மேல் ஒன்று போட்டுக்கொள்கிறார். ஒரு தடவை அதைப் பார்த்துவிட்டால் அப்புறம் கண் அங்கேயேதான் போகும்.

எடுத்தவர்களைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஜெஃப்ரி மாலின்ஸ், ஜான் மெக்டவல் என்று இரண்டே பேர். படத்தின் பெயர் "தி பேட்டில் ஆஃப் த சோம்", ஓடும் நேரம் ஒன்றேகால் மணியை ஒட்டி வரும். அதில் இப்படி நடிக்கவைத்து எடுத்ததாகக் கருதப்படுவது மிகச் சிறிய பகுதிதான். மற்றபடி ஜெர்மானியர் வசமிருந்த ஹாதார்ன் மேட்டுக்கு அடியில் புதைத்த வெடி 7:20க்குக் கிளம்பும் காட்சி நூற்றுக்கு நூறு உண்மை. வெடி எந்த நொடியில் கிளம்பும் என்று தெரியாமல் மாலின்ஸ் முன்கூட்டியே சுற்ற ஆரம்பித்துவிட்டார். வெடிப்பதற்குள் பெட்டியில் இருக்கிற சுருள் தீர்ந்துவிடுமோ என்று அவர் பட்ட பதைப்பை அவரே எழுதி வைத்திருக்கிறார். பத்து நிமிடம் கழித்து உண்மைத் தாக்குதல் தொடங்கியது. அவர் நின்ற இடத்திலிருந்து அது எப்படித் தெரிந்தது என்றால், தூரத்து மேட்டில் எறும்பு மாதிரி சில புள்ளிகள். அவ்வளவுதான். அன்று ஒரே நாளில் பிரிட்டிஷ் தரப்பில் இறந்தவர், காயம்பட்டவர், காணாமல் போனவர் எல்லாம் சேர்த்து 57,470 பேர். அதில் இறந்தவர்கள் மட்டும் 19,240. கேமராவில் விழுந்தது அந்தப் புள்ளிகள்தான். அதனால்தான் "தாக்குதல்" என்று காட்ட ஒரு காட்சி தேவைப்பட்டு, பயிற்சிப் பள்ளியிலிருந்து வந்தது.

#4 கரிசல்மண்

எனக்கு இதில் உடன்பாடில்லை. "பயிற்சி" என்று மென்மையாகச் சொல்கிறீர்கள், அதற்குப் பெயர் போலி. அந்தக் காட்சிக்கு முன்னால் வருகிற எழுத்து அட்டை என்ன சொல்கிறது? 16 மைல் முனை முழுவதும் ஒரே சைகையில் நம் படை அகழியைத் தாண்டிப் பாய்ந்தது, எதிரியின் கடும் சூட்டுக்கு நடுவே முன்னேறியது என்கிறது. அதை அடுத்துத்தான் காலை மடக்கிப் போட்டுக்கொள்கிற "பிணம்". 1916 ஆகஸ்டில் வெளியான இந்தப் படத்துக்கு முதல் ஆறு வாரத்தில் மட்டும் ஏறத்தாழ 2 கோடி டிக்கெட் விற்றது என்கிறார்கள். அரங்கில் உட்கார்ந்திருந்தவர்களில் எத்தனை தாய்மார்களுக்குப் பிள்ளை இன்னும் முனையில் இருந்தது, எத்தனை பேர் வீட்டுக்குத் தந்தி வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை! அவர்கள் அந்த விழுகிறவரைத் தன் பிள்ளையாக நினைத்து அழுதிருப்பார்கள். அவர்களுடைய கண்ணீரை ஒரு ஒத்திகையைக் காட்டி வாங்கியிருக்கிறார்கள். நான் அதை மன்னிக்கத் தயாராக இல்லை.

#5 திருச்சிக்காரி

கரிசல்மண் சொல்வதில் நியாயம் இருக்கிறது. குற்றம் எழுத்து அட்டையில்தான். ஆனால் ஒன்று, நேர்மையாகப் பெயர் வைக்கிற வழக்கம் அன்றைக்கே இருந்தது. தென்னாப்பிரிக்காவில் போயர் போர் தொடங்கிய 1899லேயே லண்டனில் ஆர்.டபிள்யூ.பால் என்கிற என்ஜினியர் தன் வீட்டுப் பக்கத்து மஸ்வெல் ஹில் மைதானத்தில் போர்ச் சம்பவங்களை நடிக்கவைத்து எடுத்தார். எடுத்துவிட்டு "போயர் போர் நிகழ்ச்சிகளின் மறு ஆக்கம்" என்றே பெயர் போட்டு விற்றார். போர் என்று விற்கவில்லை. ஆக "அந்தக் காலத்தில் எல்லாருமே அப்படித்தான்" என்று தள்ளிவிட முடியாது.

#6 ரீல்பெட்டி

நன்றி அக்கா. கரிசல்மண், நீங்கள் கோபப்படுகிற இடம்தான் எனக்கும் கோபம் வருகிற இடம். அட்டை பொய் சொன்னது, அதில் மாற்றுக்கருத்தே இல்லை. ஆனால் "போலி" என்று முத்திரை குத்தியதும் என்ன ஆகிறது என்றால், அந்தச் சுருளைத் தூக்கி ஓரமாகப் போட்டுவிடுகிறோம். அங்கே ஏறுகிறவர்கள் சம்பளத்துக்கு வந்த நடிகர்கள் கிடையாது, ராணுவத்து ஆட்கள். மேடேறுவதுதான் அவர்களுடைய அன்றாட வேலை. போர் என்ற பெயரை எடுத்துவிட்டு "1916 கோடை, பயிற்சிப் பள்ளி" என்று போட்டுப் பாருங்கள், அதே ஒரு நிமிடம் முழு உண்மையாகிவிடுகிறது. நான் கேட்பது அவ்வளவுதான்.

#7 சப்பர்வீட்டுப்பிள்ளை

எங்கள் கொள்ளுத்தாத்தா மதராஸ் சப்பர்ஸ் என்கிற ராணுவப் பொறியாளர் படையில் இருந்தவர், பெங்களூரில் பயிற்சி, அப்புறம் மெசபடோமியா (இன்றைய ஈராக்). அவர் படம் ஒன்றுகூட வீட்டில் இல்லை. ஒரு பித்தளைப் பொத்தான் மட்டும் பாட்டியின் மஞ்சள் டப்பாவில் இருக்கிறது.

முள்கம்பி பற்றிப் பேச்சு வந்ததால் சொல்கிறேன். அந்தக் கம்பியைத் தகர்க்க உலகம் முழுக்க இன்றைக்கும் பயன்படுகிற பெங்களூர் டார்பிடோ, நீளக் குழாயில் வெடிமருந்தை அடைத்துக் கம்பிக்கு அடியில் தள்ளிவிடுவது, மதராஸ் சப்பர்ஸ் அதிகாரி மெக்லின்டாக் 1912இல் பெங்களூரில் வடிவமைத்தது. அதைச் செய்து பார்த்த மைதானத்தில் எங்கள் ஊர்க்காரர்கள்தான் குழாயைத் தள்ளியிருப்பார்கள். அதை யாராவது அன்றைக்குப் படம் எடுத்திருக்கக்கூடாதா என்று பல தடவை நினைத்ததுண்டு.

என் கேள்வி இதுதான். 1915இல் பிரான்சில் இந்தியச் சிப்பாய்களைப் படம் எடுத்தார்கள் என்று படித்தேன். அதில் தமிழர்கள் இருக்க வாய்ப்பு உண்டா?

#8 திருச்சிக்காரி

நீங்கள் சொல்வது கிர்ட்வுட் எடுத்தது. கனடாவில் பிறந்தவர், ஏற்கனவே இந்தியாவில் நிறையப் புகைப்படம் எடுத்திருந்தார், 1915 கோடையில் இந்தியப் படையைப் படமெடுக்க பிரான்சுக்குப் போனார். மாலின்ஸின் சோம் படத்துக்கும் ஒரு வருடம் முன்னால். அவருடைய புகைப்படங்கள் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கின்றன, இணையத்திலேயே பார்க்கலாம். கூர்க்காக்கள் அகழியைத் தாண்டிப் பாய்வது மாதிரியான காட்சிகள் அவரிடமும் உண்டு, அதுவும் முனைக்குப் பின்னால் செய்துகாட்டச் சொல்லி எடுத்ததுதான். ஆக இன்றைக்கு ரீல்பெட்டி ஆரம்பித்த வழக்கு 1915லேயே தொடங்கிவிட்டது.

தமிழர்கள் விஷயத்தில் உங்களுக்கு ஆசை காட்ட விரும்பவில்லை. பிரான்சுக்குப் போன லாகூர், மீரட் டிவிஷன்களோடு இருந்த சப்பர் கம்பெனிகள் வங்காள, பம்பாய்ப் பிரிவுகள். மதராஸ் சப்பர்ஸ் வேறு முனைகளில். உங்கள் கொள்ளுத்தாத்தா மெசபடோமியா என்று நீங்களே சொல்கிறீர்கள். கிர்ட்வுட் படத்தில் அவரைத் தேடாதீர்கள், ஏமாற்றம்தான் மிஞ்சும்.

#9 சப்பர்வீட்டுப்பிள்ளை

நேராகச் சொன்னதற்கு நன்றி அக்கா. யாரோ ஒருவர் முகத்தைப் பார்த்து இவர்தான் என்று மனதைத் தேற்றிக்கொள்வதைவிட இது மேல்.

#10 வெலிங்டன்ஹவில்தார்

இந்த இழையை என் மகன் காட்டினான். 22 வருடம் மதராஸ் ரெஜிமெண்டில் இருந்தவன், அதில் நாலு வருடம் வெலிங்டனில் புதுப் பையன்களுக்குப் பயிற்சி கொடுத்தேன். உங்கள் மாதிரி படச்சுருள் விஷயம் எனக்குத் தெரியாது. மகன் போட்டுக்காட்டிய நாலைந்து பழைய துண்டுகளைப் பார்த்தேன். அதில் கண்ணில் பட்டதைச் சொல்கிறேன்.

பயிற்சிக்கும் சண்டைக்கும் வித்தியாசம் முதுகு மூட்டையில் மட்டும் இல்லை தம்பி, பார்வையில் இருக்கிறது. பயிற்சியில் இருக்கிறவன் கண் பயிற்சி கொடுக்கிற உஸ்தாதைத்தான் தேடும். நான் சரியாகச் செய்கிறேனா, அவர் பார்க்கிறாரா, திட்டப்போகிறாரா என்று. கோணிப்பையில் வைக்கோல் திணித்துக் கட்டித் தொங்கவிட்டு சங்கீனால், அதாவது துப்பாக்கி முனைக் கத்தியால், குத்தச் சொல்வோம். முதல் நாள் குத்துகிற பையன் பையைப் பார்த்துக் குத்துவான், குத்தினதும் திரும்பி எங்களைப் பார்ப்பான். "வீர மதராசி, அடி கொல்லு, அடி கொல்லு" என்று வாய் கத்தும், முகத்தில் கூச்சம் இருக்கும். ஊரில் கோழி அறுக்கப் பயந்தவன்கூட இருப்பான். அந்தக் கூச்சம் போக வேண்டும், அதற்குத்தான் அந்தச் சத்தம்.

நூறு வருடத்துக்கு முந்தின அந்த வெள்ளைக்காரப் பையன்கள் குத்துவதைப் பார்த்தேன். அதே கூச்சம். ஒருவன் சங்கீனை இழுக்க முடியாமல் பை கூடவே வருகிறது. காலை வைத்து உதைத்து எடுக்கிறான், எடுத்ததும் பக்கவாட்டில் பார்க்கிறான். அங்கே உஸ்தாத் நிற்கிறார் என்று பார்க்காமலே சொல்லிவிடுவேன். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. இதைப் போய் யாராவது பொய் என்று சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

#11 கரிசல்மண்

ஐயா, நான் பொய் என்றது படத்தை விற்றவர்களை. அந்தப் பையன்களை இல்லை. நீங்கள் எழுதியதைப் படித்த பிறகு அந்த வார்த்தையை இன்னும் பார்த்துப் பயன்படுத்தியிருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

#12 ரீல்பெட்டி

ஐயா, நீங்கள் எழுதிய அந்தப் பக்கவாட்டுப் பார்வையை நான் நூறு தடவை பார்த்திருக்கிறேன், யாரைப் பார்க்கிறான் என்று ஒரு தடவைகூட யோசித்ததில்லை. கேமராவைப் பார்த்து வெட்கப்படுகிறான் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். மிக்க நன்றி.

#13 டூரிங்டாக்கீஸ்

கொஞ்சம் பின்னோக்கிப் போகலாமா? பயிற்சிப் படம் சினிமாவின் முதல் நாளிலிருந்தே இருக்கிறது. 1895 டிசம்பர் 28, பாரிஸ் கிராண்ட் கஃபே, லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு காட்டிய முதல் காட்சியில் மொத்தம் பத்துத் துண்டுப் படங்கள். ஒவ்வொன்றும் ஒரு நிமிடத்துக்கும் குறைவு. அதில் ஒன்று குதிரை மேல் தாவி ஏறப் பழகுவது. ஒருவர் குதிரையைப் பிடித்துக்கொண்டிருக்கிறார், இன்னொருவர் ஏறுகிறார், விழுகிறார், மறுபடி ஏறப் பார்க்கிறார்.

ஏன் இத்தனை ராணுவப் படங்கள் அந்தக் காலத்தில் என்று யோசித்துப் பார்த்தால் காரணம் எளிது. கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓட முடியாது, ஓரிடத்தில் நட்டு வைக்க வேண்டும். முன்னால் ஏதாவது அசைய வேண்டும், அதுவும் சொன்ன நேரத்தில், சொன்ன இடத்தில், நல்ல வெயிலில். ராணுவ மைதானத்தைவிட அதற்குத் தோதான இடம் எது? ஒரு சொல் சொன்னால் இருநூறு பேர் திரும்புவார்கள். படம் எடுக்கிறவனுக்கு அது வரம்.

1898இல் அமெரிக்கா ஸ்பெயினோடு கியூபாவில் மோதியபோது எடிசன் கம்பெனி ஆட்கள் ஃப்ளோரிடாவின் டாம்பா முகாமுக்குப் போனார்கள். சண்டையைவிட அவர்களிடம் சிக்கியது முகாம் வாழ்க்கை. சிப்பாய்கள் கப்பலிலிருந்து இறங்குவது, காலையில் முகம் கழுவுவது, புதிதாகச் சேர்ந்தவனைப் போர்வையில் போட்டு மேலே தூக்கித் தூக்கி எறிவது. சண்டைக் காட்சிகளை அப்புறம் ஊரிலேயே நியூ ஜெர்சியில் உள்ளூர்ப் படையை வைத்துச் செய்துகொண்டார்கள். பிலிப்பைன்ஸ் போர் என்று வந்ததுகூட நியூ ஜெர்சிதான்!

இவையெல்லாம் இன்றைக்கு நம் கைக்குக் கிடைப்பதற்குக் காரணம் ஒரு சட்டச் சிக்கல். அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் 1912 வரை சினிமாவைத் தனி வகையாக ஏற்கவில்லை. அதனால் எடிசன் ஆட்கள் படத்தின் ஒவ்வொரு சட்டகத்தையும் (ஃபிரேம்) நீளக் காகிதச் சுருளில் அச்சடித்து, "இது புகைப்படம்" என்று அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் பதிவு செய்தார்கள். எளிதில் தீப்பிடிக்கிற நைட்ரேட் பிலிம் சுருள்கள் எரிந்தும் மக்கியும் போயின, காகிதம் தங்கிவிட்டது. ஏறத்தாழ 3000 படங்கள் அப்படிப் பிழைத்தன. பிற்பாடு காகிதத்தை ஒவ்வொரு படமாகத் திரும்பப் பிடித்து 16 மி.மீ. சுருளாக்கினார்கள்.

#14 வைகைக்கரை

காகிதத்திலிருந்தா! இதற்குத் தனி இழை வேண்டும்.

#15 திருச்சிக்காரி

பயிற்சியையே பொருளாக வைத்து எடுத்த தொடர் என்றால் என் கணக்கில் பால் எடுத்ததுதான் முக்கியம். மேலே சொன்ன அதே பால். 1900 செப்டம்பரில் லண்டன் அல்ஹாம்ப்ரா அரங்கில் காட்டினார். "ராணுவ வாழ்க்கை, அல்லது சிப்பாய்கள் எப்படி உருவாகிறார்கள்" என்று தலைப்பு. ஆள் சேர்ப்பதிலிருந்து ஆரம்பித்து ஒவ்வொரு பிரிவாக, ஒவ்வொரு பழக்கமாகக் காட்டிக்கொண்டே போகும் வரிசை. தனித்தனித் துண்டாக ஒரு நிமிடம் காட்டுவதே வழக்கமாக இருந்த காலத்தில், ஒரு பொருளை எடுத்துத் தொடர்ச்சியாகச் சொல்ல வேண்டும் என்று ஒரு என்ஜினியருக்குத் தோன்றியிருக்கிறது. ஆவணப்படம் என்ற சொல்லே புழக்கத்துக்கு வராத காலம் அது.

அதில் இன்றைக்கு மிஞ்சியிருப்பது குதிரைக் காலாட்படை பற்றிய துண்டு. குதிரையில் போய், இறங்கி நின்று சுடுகிறவர்கள். நாலு பேர் போனால் மூன்று பேர் இறங்குவார்கள், நாலாமவன் நாலு குதிரையையும் பிடித்துக்கொள்வான். போயர்களோடு மோதிய பிறகு பிரிட்டிஷ் ராணுவம் அவசர அவசரமாகப் பெருக்கிய பிரிவு. மற்றவை போய்விட்டனவே என்று நினைக்கும்போது வயிற்றைப் பிசைகிறது. அதே வருடங்களில் போயர் போரைப் பற்றி நடித்து எடுத்தவை பல பிழைத்திருக்கின்றன. பயிற்சிச் சுருளை யார் பத்திரப்படுத்துவார்கள்? அதில் வெற்றியும் இல்லை, சாவும் இல்லை.

#16 ரீல்பெட்டி

அந்தக் கடைசி வரியைத்தான் அக்கா முதல் பதிவிலிருந்து சொல்ல முயன்றுகொண்டிருக்கிறேன். வெற்றியும் சாவும் இல்லாததால் மதிப்பில்லை என்று ஆகிவிட்டது. பத்திரப்பட்டதும் போர் என்ற பெயரைக் கடன் வாங்கித்தான் பத்திரப்பட்டது.

1914 கடைசியில் எடுத்த செய்திச்சுருள்களைப் பார்த்திருக்கிறீர்களா? பிரிட்டிஷ் போர் அமைச்சர் கிட்ச்னர் கூப்பிட்டதும் லட்சக்கணக்கில் சேர்ந்துவிட்டார்கள், கொடுக்கச் சீருடை இல்லை, துப்பாக்கி இல்லை. வீட்டிலிருந்து போட்டு வந்த கோட்டு, தலையில் தட்டைத் தொப்பி, கையில் மரத்தில் செதுக்கிய துப்பாக்கி. சிலருக்கு நீல நிறத்தில் ஏதோ ஒரு உடுப்பு. தபால்காரர் துணி மாதிரி இருக்கிறது என்று அவர்களே வெறுத்த உடை. இப்படி நின்றவர்களில் பலர் ஒன்றரை வருடம் கழித்து அதே சோம் முனைக்குப் போனார்கள். நடந்த கதை முழுக்க அந்த மரத்துப்பாக்கியில் இருக்கிறது, எந்தத் தொலைக்காட்சியும் அதைக் காட்டுவதில்லை.

#17 சப்பர்வீட்டுப்பிள்ளை

ஒரு சந்தேகம். இந்தச் சுருள்களில் எல்லாரும் ஏன் வெடுக் வெடுக்கென்று நடக்கிறார்கள்? என் பெண் பார்த்துச் சிரிக்கிறாள், எனக்குச் சங்கடமாக இருக்கிறது.

#18 திருச்சிக்காரி

அவர்கள் ஒழுங்காகத்தான் நடந்தார்கள், ஓட்டுகிறவர்கள்தான் அவசரப்படுகிறார்கள். அன்றைய கேமராவில் கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 சட்டகம். நொடிக்கு இரண்டு சுற்று, ஆக 16. மோட்டார் கிடையாது, எடுக்கிறவரின் கைதான் கடிகாரம். ஒலி வந்த பிறகு 24 என்று நிலைத்துவிட்டது. பழைய சுருளை அப்படியே 24இல் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம். மனிதன் பொம்மையாகிவிடுகிறான்.

ராணுவச் சுருளில் மட்டும் ஒரு வசதி உண்டு, சரியான வேகத்தைப் படத்திலிருந்தே கண்டுபிடிக்கலாம். பிரிட்டிஷ் காலாட்படையின் வழக்கமான நடை நிமிடத்துக்கு 120 காலடி, நொடிக்கு இரண்டு. ஒரு கால் தரையில் பட்டதிலிருந்து அடுத்த கால் படும் வரை எத்தனை சட்டகம் என்று எண்ணுங்கள். 8 வந்தால் 16இல் எடுத்தது, 9 வந்தால் 18. லைட் இன்ஃபன்ட்ரி, ரைஃபிள் படைகள் மட்டும் 140இல் போகும், அதைக் கவனிக்க வேண்டும். இணையத்தில் இருக்கும் பிரதிகளில் இரட்டைச் சட்டகங்கள் செருகியிருப்பார்கள், அதைத் தள்ளிவிட்டு எண்ண வேண்டும். பொறுமை வேண்டும், ஆனால் ஒரு தடவை சரியான வேகத்தில் ஓட்டிப் பாருங்கள், சிரிப்பு நின்றுவிடும்.

இன்னொன்று. அந்தப் பிலிமுக்குச் சிவப்பு தெரியாது, கறுப்பாகத்தான் விழும். நீலம் வெளுத்துவிடும், வானம் வெறும் வெள்ளை. நாள் முழுக்க வெயிலில் நின்று சிவந்த முகம் படத்தில் கறுத்துச் சுருங்கி, இருபது வயதுப் பையன் நாற்பது மாதிரி தெரிவான்.

#19 வைகைக்கரை

அப்படியானால் 2018இல் சினிமா இயக்குநர் பீட்டர் ஜாக்சன் முதல் உலகப்போர்ச் சுருள்களுக்குச் செய்த மாதிரி வேகத்தைச் சரிசெய்து வண்ணமும் சேர்ப்பது நல்லதுதானே? நான் அதைப் பார்த்து அழுதேன்.

#20 ரீல்பெட்டி

வேகம் சரி செய்ததில் எனக்கு மகிழ்ச்சிதான். வண்ணத்தில் மனம் ஒப்பவில்லை, அது இன்றைக்கு நாம் சேர்ப்பது. ஆனால் அதைப் பார்த்துத்தான் பலர் மூலச் சுருளைத் தேடி வந்தார்கள் என்பதால் சண்டை போட மாட்டேன். வண்ணம் பூசினாலும் பூசாவிட்டாலும் எங்கே எடுத்தது என்று கீழே ஒரு வரி போடுங்கள்.

#21 கரிசல்மண்

இரண்டு நாளாக இழையைப் படித்துக்கொண்டே இருந்தேன். சோம் படத்தை முழுசாக, நிறுத்தாமல் பார்த்தேன். என் கருத்தில் ஒரு பாதி மாறவில்லை, அந்த எழுத்து அட்டை தவறு. ஆனால் இன்னொரு காட்சி மனதில் நின்றுவிட்டது. தாக்குதலுக்குக் கொஞ்சம் முன்னால், இரு பக்கமும் மேடு உள்ள பள்ளப் பாதையில் லங்காஷயர் ஃபியூசிலியர்ஸ் படைப்பிரிவினர் காத்திருக்கிறார்கள். அது உண்மையான முனை, மாலின்ஸ் அங்கேயே போய் எடுத்தது. சிலர் கேமராவைப் பார்க்கிறார்கள், சிலருக்குப் பார்க்கவே தோன்றவில்லை. ஐயா சொன்ன பார்வை வித்தியாசம் அங்கே பளிச்சென்று தெரிந்தது. இவர்களில் யாரும் பக்கவாட்டில் உஸ்தாதைத் தேடவில்லை. பயிற்சிப் பள்ளிக் காட்சியையும் இதையும் அடுத்தடுத்துப் பார்த்தால்தான் இது எவ்வளவு கனமானது என்று புரிகிறது. போலி என்று அதை வெட்டி எறிந்திருந்தால் ஒப்பிட்டே பார்த்திருக்க முடியாது.

#22 வெலிங்டன்ஹவில்தார்

சரியாகப் பார்த்திருக்கிறாய் தம்பி. முனையில் உஸ்தாதைத் தேட மாட்டான். பக்கத்தில் இருக்கிறவனைத்தான் தேடுவான், அதையும் கண்ணால் தேட மாட்டான், தோளால்.

#23 சப்பர்வீட்டுப்பிள்ளை

அக்கா சொன்ன எண்ணும் வேலையை நேற்று ராத்திரி நானும் பெண்ணும் உட்கார்ந்து செய்தோம். 1914 புதுப் பையன்கள் நடக்கிற ஒரு சின்னத் துண்டு. அவள் எண்ண, நான் தாளில் எழுதினேன். முதல் ஆளுக்கு 8, அடுத்தவருக்கு 7, அதற்கடுத்தவருக்கு 10, மறுபடி 8. எதுவுமே ஒத்துவரவில்லை. தப்பாக எண்ணுகிறோம் என்று மூன்று தடவை திரும்ப எண்ணினோம். அப்புறம் அவள்தான் சொன்னாள், "அப்பா, ஓரமா நடக்கிறாரே மீசைக்காரர், அவருக்கு மட்டும் எண்ணுங்க" என்று. சார்ஜெண்ட். எட்டு, எட்டு, எட்டு, எட்டு. கடிகாரம் மாதிரி. வேகம் 16தான் என்று அவர் காலை வைத்து முடிவு செய்தோம்.

வேகத்தைச் சரி செய்து ஓட்டியதும் கடைசி வரிசையில் ஒரு பையன் கண்ணில் பட்டான். கோட்டு அவனுக்குப் பெரிது. எல்லாரும் இடது கால் வைக்கும்போது இவன் வலது கால் வைக்கிறான். முன்னால் போகிறவரின் பூட்ஸையே குனிந்து பார்த்துக்கொண்டு, சட்டென்று ஒரு சின்னத் துள்ளல் துள்ளிக் காலை மாற்றிக்கொள்கிறான். நாலு காலடி சரியாக வருகிறது, மறுபடி தப்பிவிடுகிறது. என் பெண் இந்தத் தடவை சிரிக்கவில்லை. அவனை மட்டும் எத்தனை தடவை பார்த்தோம் என்று எண்ணவில்லை.

#24 வெலிங்டன்ஹவில்தார்

கதம் பதல், அதாவது காலை மாற்று. சேர்ந்து ஒரு வாரம்கூட ஆகியிருக்காது. மூன்றாவது வாரத்தில் எடுத்திருந்தால் அந்தப் பையனை உங்களால் கண்டுபிடித்திருக்கவே முடியாது.